சர்க்கரைத் தோட்ட அடிமைகளை விடுவித்தது யார்?

ஆப்பிரிக்காவிலிருந்து கப்பல் கப்பலாகக் கொண்டுவந்து ஜமைக்காத் தீவில் இறக்கப்பட்ட அடிமைகள் ஏறக்குறைய 10 லட்சம் பேர். அவர்களில் ஒரு பகுதியினர் அங்கிருந்து ஸ்பானியக் காலனிகளுக்கு மறுபடி விற்கப்பட்டார்கள். மற்றவர்கள் தலைமுறை தலைமுறையாக அங்கேயே உழைத்தார்கள். 1834-இல் பிரிட்டனின் அடிமை ஒழிப்புச் சட்டம் நடைமுறைக்கு வந்தபோது அந்தத் தீவில் எஞ்சியிருந்த அடிமைகள் 3 லட்சத்துச் சொச்சம்தான். இன்றைய அமெரிக்க ஐக்கிய நாடுகள் இருக்கும் நிலப்பரப்புக்கு நேரடியாகக் கொண்டுபோகப்பட்டவர்கள் 4 லட்சத்துக்கும் குறைவு. அங்கே 1860-இல் அடிமைகளின் எண்ணிக்கை 39 லட்சத்தைத் தாண்டியிருந்தது. அங்கும் சவுக்கடி இருந்தது, தாயிடமிருந்து பிள்ளையைப் பிரித்து விற்பது இருந்தது. ஆனாலும் பிறந்த பிள்ளைகளில் கணிசமானவர்கள் பிழைத்து வளர்ந்தார்கள். ஜமைக்காவில் பிறப்பைவிட இறப்பு அதிகம். இந்த வித்தியாசத்துக்கு முதல் காரணம் கரும்பு.

அடிமை ஒழிப்பு என்றவுடன் நமக்குச் சொல்லித்தரப்படும் கதை பெரும்பாலும் லண்டனில் நடக்கிறது. வில்லியம் வில்பர்ஃபோர்ஸ் என்ற நல்ல மனிதர் நாடாளுமன்றத்தில் வருஷக்கணக்காகப் போராடினார், கடைசியில் மனசாட்சி வென்றது, சட்டம் வந்தது. இதில் பொய் இல்லை. ஆனால் கதையின் பாதி தோட்டங்களில் நடந்தது. அந்தப் பாதியைச் சேர்த்துப் பார்க்காமல், 1807-இல் நிறைவேறிய ஒரு சட்டம் ஏன் அடிமைகளை விடுவிக்கவில்லை, 1833-இல் ஏன் வேறு வழியில்லாமல் விடுவிக்க வேண்டியிருந்தது என்பது புரியாது. அதற்கு முதலில் சர்க்கரை எப்படி உண்டானது என்று பார்க்க வேண்டும்.

1640-களில் பார்படோஸ் தீவில் ஆங்கிலேயர்கள் கரும்புக்கு மாறினார்கள். பிரேசிலில் போர்ச்சுக்கீசியரும் டச்சுக்காரரும் நடத்திய தோட்டங்களைப் பார்த்துக் கற்றுக்கொண்ட தொழில் அது. ஒரே தலைமுறைக்குள் அந்தச் சின்னத் தீவின் காடு மறைந்து எங்கும் கரும்பாயிற்று. 1661-இல் பார்படோஸ் சட்டசபை ஒரு அடிமைச் சட்டத்தை இயற்றியது. தண்டிக்கும்போது அடிமை இறந்துபோனால் எசமான் மேல் குற்றம் கிடையாது என்றது அந்தச் சட்டம். ஜமைக்கா அதைப் பார்த்துத் தன் சட்டத்தை எழுதிக்கொண்டது, பிறகு மற்றத் தீவுகளும்.

கரும்பு வெட்டிய பிறகு காத்திருக்காது. ஓரிரு நாளில் சாறு புளித்துச் சர்க்கரைச் சத்து போய்விடும். அதனால் ஆலை வயலுக்குப் பக்கத்திலேயே இருக்க வேண்டும், வெட்டுகிற வேகத்துக்கு ஆலை ஓட வேண்டும், ஆலை ஓடுகிற வேகத்துக்கு அடுப்பு எரிய வேண்டும். தை மாதக் குளிரில் நம்மூர் வெல்லக் கொட்டகையில் ஒரு மணி நேரம் நின்றவர்களுக்கே அந்த அடுப்பின் சூடு தெரிந்திருக்கும். வெப்பத் தீவு ஒன்றில் அப்படி வரிசையாக நான்கைந்து கொப்பரைகள், ஜனவரியிலிருந்து ஜூன் வரை, பெரும்பாலும் இரவும் பகலும் என்று வைத்துக்கொள்ளுங்கள். பகலில் வயலில் வெட்டியவர்களே முறை வைத்து இரவில் ஆலைக்கும் கொப்பரைக்கும் வர வேண்டும். பெரிய கொப்பரையில் சாற்றை ஊற்றிச் சுண்ணாம்பு சேர்த்து அழுக்கை எடுத்து, அகப்பையால் அடுத்தடுத்த சிறிய கொப்பரைகளுக்கு மாற்றிக்கொண்டே போவார்கள். கடைசிக் கொப்பரையில் பாகு முற்றும் கணத்தைக் கண்டுபிடிக்கிறவர் கைதேர்ந்த ஓர் அடிமை. தோட்டத்தின் ஒரு வருஷ வருமானம் அவர் கணிப்பில் நின்றது. தூக்கக் கலக்கத்தில் கால் இடறினால் கொதிக்கும் பாகு.

ஆலையில் நிமிர்ந்து நிற்கும் மூன்று உருளைகளுக்கு நடுவே கையால் கரும்பைச் செருக வேண்டும். விரல் மாட்டினால் கை முழுவதும் உள்ளே போகும். காற்றாலையையோ நீராலையையோ உடனே நிறுத்த முடியாது. அதனால் பக்கத்தில் கோடாலியோ வெட்டுக்கத்தியோ தயாராக வைத்திருப்பார்கள், கையை வெட்டி ஆளைக் காப்பாற்ற. இதை அந்தக் காலத்து ஐரோப்பியப் பயணிகளே எழுதிவைத்திருக்கிறார்கள்.

அறுவடை இல்லாத மாதங்கள் ஓய்வு என்று நினைக்க வேண்டாம். புதுக் கரும்பு நட ஏரில்லாமல் மண்வெட்டியால் சதுரக் குழிகள் தோண்ட வேண்டும், ஒருவர் ஒரு நாளைக்கு அறுபதிலிருந்து நூறு குழி வரை. பிறகு கூடை கூடையாகச் சாணி எருவைத் தலையில் சுமந்து அந்தக் குழிகளில் போட வேண்டும். தோட்டத்து ஆட்களை மூன்று கூட்டங்களாகப் பிரித்திருந்தார்கள். பலமுள்ள பெரியவர்களின் முதல் கூட்டம், வளரும் பிள்ளைகளும் தளர்ந்தவர்களும் இருக்கும் இரண்டாம் கூட்டம், ஐந்தாறு வயதிலிருந்து குழந்தைகள் புல் பிடுங்கும் மூன்றாம் கூட்டம். ஒவ்வொன்றுக்கும் சவுக்கோடு ஒரு கங்காணி, அவரும் பெரும்பாலும் அடிமையே. முதல் கூட்டத்தில் பல தோட்டங்களில் பெண்களே அதிகம். தச்சு, கொல்லு, பீப்பாய் செய்வது, பாகு காய்ச்சுவது போன்ற வேலைகளுக்கு ஆண்களை எடுத்துக்கொண்டு, மண்வெட்டி வேலையைப் பெண்கள் தலையில் கட்டினார்கள். பிள்ளை பெறும் வயதில் அந்த உழைப்பில், அந்தச் சாப்பாட்டில் கரு தங்காது. தங்கிப் பிறந்த பிள்ளைகளும் முதல் சில நாட்களிலேயே வில்வாதம் (டெட்டனஸ்) போன்ற நோய்களில் போனார்கள். ஆள் குறையக் குறையப் புது ஆட்களை வாங்கிக்கொள்வது பிள்ளைகளை வளர்ப்பதைவிடச் செலவு குறைவு என்று தோட்டக்காரர்கள் வெளிப்படையாகவே கணக்குப் போட்டார்கள். ஆரம்பத்தில் சொன்ன எண்களுக்குப் பின்னால் இருப்பது இந்தக் கணக்கு.

இந்தச் சர்க்கரை போய்ச் சேர்ந்த இடம் இங்கிலாந்தின் தேநீர்க் கோப்பை. 1700-இல் அங்கே ஒரு ஆளுக்கு வருஷத்துக்குச் சுமார் 4 பவுண்டு எடைச் சர்க்கரை செலவானது, 1800-இல் சுமார் 18 பவுண்டு. பணக்காரர் பண்டமாக இருந்தது கூலித் தொழிலாளியின் அன்றாடப் பொருளானது. லிவர்பூலும் பிரிஸ்டலும் கப்பலால் செழித்தன. அட்லாண்டிக் வழியாக ஏற்றப்பட்ட ஒன்றேகால் கோடி ஆப்பிரிக்கர்களில் 30 லட்சத்துக்கும் மேற்பட்டவர்களை ஏற்றியது பிரிட்டன் கப்பல்கள். ஏற்றப்பட்டவர்களில் சுமார் 18 லட்சம் பேர் கரையைப் பார்க்கவே இல்லை.

கடலில் செத்தவர்களில் ஒரு கூட்டத்தின் கதை நீதிமன்றம் வரை போனது. 1781-இல் சாங் என்ற லிவர்பூல் கப்பல் வழிதவறி ஜமைக்காவைத் தாண்டிப் போய்விட்டது. தண்ணீர் போதாது என்று காரணம் சொல்லி 130-க்கும் மேற்பட்ட ஆப்பிரிக்கர்களை உயிரோடு கடலில் தள்ளினார்கள். நோயில் செத்தால் காப்பீடு கிடைக்காது, கப்பலைக் காப்பாற்றச் 'சரக்கை' வீசினால் கிடைக்கும். தலைக்கு 30 பவுண்டு கேட்டுக் கப்பல் முதலாளிகள் வழக்குப் போட்டார்கள், 1783-இல் ஜூரி அவர்கள் பக்கமே தீர்ப்பும் சொன்னது. மேல் விசாரணையில் தலைமை நீதிபதி மேன்ஸ்ஃபீல்ட் மறுவிசாரணைக்கு இடம் கொடுத்தார், ஆனால் கொலைக் குற்றத்துக்காக யாரும் கூண்டில் ஏறவில்லை. செய்தித்தாளில் இதைப் படித்துவிட்டு, அடிமைகளுக்காக வழக்காடிவந்த கிரான்வில் ஷார்ப் வீட்டுக்கு ஓடிப்போய்ச் சொன்னவர் ஒலாடா எக்வியானோ. அவரே அடிமையாக இருந்து, சொந்தமாகச் சேர்த்த பணத்தில் விடுதலையை விலைக்கு வாங்கியவர். 1789-இல் தன் வாழ்க்கையைத் தானே எழுதிப் புத்தகமாக வெளியிட்டு ஊர் ஊராகப் போய் விற்றார். ஒழிப்பு இயக்கத்தைப் பற்றிப் பேசும்போது இவரை ஓர் அடிக்குறிப்பாக வைப்பது பெரிய அநியாயம் என்று நினைக்கிறேன். அந்த வழக்கை இங்கிலாந்தின் மனசாட்சிக்கு முன்னால் கொண்டுவந்து வைத்தது அவர்தான்.

1787 மே 22 அன்று லண்டனில் ஓர் அச்சுக்கூடத்தில் 12 பேர் கூடி அடிமை வணிக ஒழிப்புச் சங்கத்தைத் தொடங்கினார்கள். ஒன்பது பேர் குவேக்கர் என்ற கிறிஸ்தவப் பிரிவினர். அந்தச் சங்கத்தின் காலும் கையும் தாமஸ் கிளார்க்சன். கேம்பிரிட்ஜில் ஒரு லத்தீன் கட்டுரைப் போட்டிக்காக அடிமை வணிகத்தைப் பற்றிப் படித்தவர், பரிசு வாங்கிய பிறகும் அந்த விஷயத்தை விட முடியாமல் வாழ்நாள் முழுவதையும் அதற்கே கொடுத்தார். துறைமுகம் துறைமுகமாகக் குதிரையில் போய் மாலுமிகளிடம் சாட்சியம் வாங்கினார். கைவிலங்கு, கால்விலங்கு, பட்டினி கிடப்பவர் வாயைப் பிளந்து ஊட்டும் கருவி எல்லாவற்றையும் லிவர்பூல் கடையில் விலைக்கு வாங்கிக் கூட்டங்களில் காட்டினார். புரூக்ஸ் என்ற கப்பலின் உள்தளப் படத்தைச் சங்கத்தார் அச்சிட்டு நாடு முழுவதும் ஒட்டினார்கள். 1788-இல் வந்த சட்டப்படி அந்தக் கப்பலில் 454 பேரை ஏற்றலாம். அந்த அளவுக்கு வரைந்த படத்திலேயே உடல்களுக்கு இடையில் இடைவெளி இல்லை. சட்டத்துக்கு முன்னால் அதே கப்பல் ஒரு பயணத்தில் 609 பேரை ஏற்றியிருந்தது.

1791-இல் நாடாளுமன்றம் ஒழிப்பு மசோதாவை 163-க்கு 88 என்று தோற்கடித்தது. மக்கள் வேறு வழி எடுத்தார்கள். மேற்கிந்தியச் சர்க்கரை வேண்டாம் என்று வீடுகளில் முடிவெடுத்தார்கள். கிளார்க்சன் கணக்குப்படி சுமார் 3 லட்சம் பேர் சர்க்கரையை விட்டார்கள். வாக்குரிமை இல்லாத பெண்களுக்குக் கடைக்குப் போகும் கூடை கையில் இருந்தது, அவர்கள்தான் இதை நடத்தினார்கள். 1792-இல் 519 மனுக்கள் நாடாளுமன்றத்துக்கு வந்து குவிந்தன, ஏறக்குறைய 4 லட்சம் கையெழுத்து. படிப்படியாக ஒழிக்கலாம் என்ற ஒரே திருத்தத்தால் அந்த அலையைத் தள்ளிப்போட்டார்கள்.

சர்க்கரையை விட முடியாதவர்கள் 'கிழக்கிந்தியச் சர்க்கரை' வாங்கினார்கள். அடுத்த அலையில், 1820-களில், 'அடிமைகள் செய்யாத சர்க்கரை' என்று எழுதிய பீங்கான் கிண்ணங்கள் இங்கிலாந்து முழுவதும் விற்றன. வங்காளத்துச் சர்க்கரைக்குப் பின்னால் மேற்கிந்தியத் தோட்டம் இல்லை என்பது சரி. ஆனால் கம்பெனி ஆட்சிக்குள்ளேயே, தஞ்சாவூரிலும் மலபாரிலும் நிலத்தோடு சேர்த்து விற்கவும் அடகு வைக்கவும்பட்ட பண்ணை அடிமைகள் இருந்தார்கள். கலெக்டர்கள் எழுதிய அறிக்கைகளிலேயே அது இருக்கிறது. இங்கிலாந்தில் நல்ல மனதோடு சர்க்கரையை மாற்றிய பெரும்பாலோருக்கு இது தெரியாது. தெரிந்தவர்கள் உரக்கச் சொல்லவில்லை.

இந்தச் சமயத்தில்தான் பிரெஞ்சுக்காரர்களின் சான் தொமிங்கு காலனி வெடித்தது. இன்றைய ஹைட்டி. உலகத்திலேயே அதிகச் சர்க்கரை விளைந்த காலனி அது, அடிமைகள் 5 லட்சத்துக்கு அருகில். 1791 ஆகஸ்டில் வடக்குச் சமவெளியின் தோட்டங்களில் கிளர்ச்சி தொடங்கியது. இரண்டே வருஷத்தில் பிரெஞ்சு ஆணையாளரே விடுதலையை அறிவிக்க வேண்டியதாயிற்று. 1794 பிப்ரவரியில் பாரிஸ் அதை எல்லாக் காலனிகளுக்கும் சட்டமாக்கியது. எழுந்து நின்றவர்கள் வாங்கிய சட்டம் அது. 1801 கடைசியில் நெப்போலியன் அடிமைமுறையை மீண்டும் கொண்டுவரப் படை அனுப்பினார். தலைவர் தூசான் லூவெர்த்தூரைப் பிடித்துக்கொண்டுபோய் பிரான்ஸின் மலைக்கோட்டைச் சிறையில் சாகவிட்டார்கள். ஆனால் படை தோற்றது. 1804 ஜனவரி 1 அன்று கிளர்ச்சிப் படைத் தளபதி தெசலீன் சுதந்திரத்தை அறிவித்தார். அதற்கும் விலை கேட்டார்கள். 1825-இல் பிரெஞ்சுப் போர்க்கப்பல்கள் துறைமுகத்துக்கு எதிரே நின்றபடி, தோட்டக்காரர்கள் இழந்ததற்கு ஈடாக 15 கோடி பிராங்க் கேட்டு வாங்கிய ஒப்புதலில் ஹைட்டி பல தலைமுறைக்குக் கடனாளியானது. பிறகு அதை 9 கோடியாகக் குறைத்தார்கள். அந்த நாட்டின் இன்றைய வறுமையைப் பற்றிப் பேசும் யாரும் இந்தக் கடனைத் தாண்டிப் போகக் கூடாது.

ஹைட்டியைப் பார்த்துப் பிரிட்டனின் ஆளும் வர்க்கம் முதலில் பயந்து பின்வாங்கியது. பிறகு, புதிதாக ஆட்களை இறக்கிக்கொண்டே போவது ஆபத்து என்ற வாதமும் வலுத்தது. 1807 மார்ச் 25 அன்று அடிமை வணிகம் தடைசெய்யப்பட்டது. முக்கியமான வாக்கெடுப்பில் 283-க்கு 16. ஆனால் தடைசெய்யப்பட்டது ஏற்றிக்கொண்டு போவது மட்டுமே. ஏற்கெனவே தோட்டத்தில் இருந்தவர்கள் அடிமைகள்தான், அவர்கள் பிள்ளைகளும் அடிமைகள்தான். புது ஆள் வராவிட்டால் இருப்பவர்களை நன்றாக நடத்துவார்கள், மெல்ல மெல்ல அடிமைமுறை தானாகவே உதிரும் என்று இயக்கத்துத் தலைவர்களே நம்பினார்கள். நடந்தது வேறு. குறைந்த ஆட்களிடம் அதே சர்க்கரையைக் கேட்டார்கள்.

இந்த 'மெல்ல மெல்ல'வை முதலில் உடைத்தவர் லெஸ்டர் நகரத்துக் குவேக்கர் பெண்மணி எலிசபெத் ஹெய்ரிக். படிப்படியாக அல்ல, உடனடியாக என்று 1824-இல் ஒரு சிறு பிரசுரம் எழுதினார். பெண்கள் மேடையேறுவதும் மனு எடுத்துக்கொண்டு வீடு வீடாகப் போவதும் முறையல்ல என்று வில்பர்ஃபோர்ஸ் கருதினார். பெண்கள் சங்கங்கள் அதைக் கேட்டுக்கொண்டு உட்காரவில்லை. லெஸ்டரிலும் பர்மிங்ஹாமிலும் தெருத்தெருவாகப் போய்ச் சர்க்கரைப் புறக்கணிப்பை மறுபடி எழுப்பினார்கள். 1831-இல் மேரி பிரின்ஸ் தன் வாழ்க்கையைச் சொல்ல, அது புத்தகமாக வந்தது. பெர்முடாவில் பிறந்து, உப்பளத்தில் கால் வெந்து, ஆன்டிகுவாவில் அடிபட்டு, எசமானரோடு லண்டனுக்கு வந்து அங்கே வெளியேறியவர். பிரிட்டனில் ஒரு கறுப்பினப் பெண்ணின் வாழ்க்கைக் கதை அச்சானது அதுவே முதல் முறை.

தோட்டங்களில் இருந்தவர்கள் லண்டன் செய்திகளுக்குக் காது கொடுத்துக்கொண்டுதான் இருந்தார்கள். துரை வீட்டுச் சாப்பாட்டு மேசையில் பேசியது அன்று இரவே ஆட்கள் குடியிருப்பில் தெரியும். 1816-இல் பார்படோஸில் புஸ்ஸா என்ற அடிமையின் பெயரில் இன்றும் நினைக்கப்படும் கிளர்ச்சி. 1823 ஆகஸ்டில் டெமராராவில், இன்றைய கயானாவில், பத்தாயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் எழுந்தார்கள். ராஜா கொடுத்த உரிமையைத் துரைமார்கள் மறைக்கிறார்கள் என்று அவர்கள் நம்பினார்கள். தொடங்கிய இடம் சக்சஸ் என்ற தோட்டம், அதன் உரிமையாளர் லிவர்பூல் வணிகர் ஜான் கிளாட்ஸ்டன். முன்னின்றவர்கள் அந்தத் தோட்டத்துத் தச்சர் குவாமினாவும் அவர் மகன் ஜாக் கிளாட்ஸ்டனும். மகனும் அடிமைதான், எசமானின் பெயர் சூட்டப்பட்டவர். வெள்ளையர்களைக் கொல்லாமல் தொழுமரத்தில் பூட்டிவைக்கத்தான் பெரும்பாலான இடங்களில் முயன்றார்கள். பதிலுக்கு இருநூறுக்கும் மேற்பட்ட அடிமைகள் கொல்லப்பட்டார்கள். ஜான் ஸ்மித் என்ற வெள்ளைப் பாதிரியாரும் தூண்டியதாக மரண தண்டனை பெற்றுச் சிறையிலேயே நோயில் இறந்தார். இங்கிலாந்தில் பெரிய கொந்தளிப்பு அந்தப் பாதிரியாருக்காகத்தான் எழுந்தது. சொல்ல வருத்தமாக இருக்கிறது, ஆனால் அப்படித்தான் நடந்தது.

அப்புறம் ஜமைக்கா. சாம் ஷார்ப் அடிமையாக இருந்த பாப்டிஸ்ட் ஊழியர், படிக்கத் தெரிந்தவர். செய்தித்தாள்களைப் படித்துக் காட்டித் திட்டம் போட்டார். 1831 கிறிஸ்துமஸ் விடுமுறை முடிந்ததும் கூலி கொடுத்தால்தான் வேலைக்குப் போவோம் என்று உட்கார்ந்துவிட வேண்டும். கரும்பு வெட்டும் பருவம் தொடங்கும் நேரம் அது. வெட்டாமல் நின்றால் என்ன ஆகும் என்பது தோட்டத்தில் எல்லோருக்கும் தெரியும். டிசம்பர் 27 இரவு கென்சிங்டன் தோட்டத்தில் தீ எழும்பியது, மலைக்கு மலை தீ தெரிந்தது. வேலைநிறுத்தம் கலகமாயிற்று. கலந்துகொண்டவர்கள் 60,000 பேர் வரை இருக்கலாம் என்பது வரலாற்றாசிரியர்களின் மதிப்பீடு. கொல்லப்பட்ட வெள்ளையர் 14 பேர். அடக்குமுறையில் கொல்லப்பட்ட அடிமைகள் இருநூறுக்கும் மேல், பிறகு நீதிமன்றங்கள் தூக்கிலிட்டது முந்நூறுக்கும் மேல். பன்றிக்குட்டி திருடியது போன்ற குற்றங்களுக்கும் தூக்கு. 1832 மே 23 அன்று மான்டிகோ பே சந்தையில் சாம் ஷார்ப்பைத் தூக்கிலிட்டார்கள். அடிமையாக வாழ்வதைவிட அந்தத் தூக்குமரத்தில் சாவேன் என்று அவர் சொன்னதாகச் சிறையில் சந்தித்த பாதிரியார் பதிவு செய்திருக்கிறார். இன்று அவர் ஜமைக்காவின் தேசிய வீரர்களில் ஒருவர்.

வெள்ளையர்கள் தேவாலயங்களை எரித்துத் துரத்திய பாப்டிஸ்ட் பாதிரியார் வில்லியம் நிப் லண்டனுக்குப் போய் நாடாளுமன்றக் குழு முன் சாட்சி சொன்னார். விடுதலை கொடுக்காவிட்டால் அவர்களே எடுத்துக்கொள்வார்கள் என்ற எண்ணம் அமைச்சர்களிடம் பரவியது இதற்குப் பிறகே. அதே 1832-இல் வந்த தேர்தல் சீர்திருத்தத்தால் தோட்டக்காரர்கள் கைக்குள் இருந்த பல தொகுதிகள் மறைந்தன. 1833-இல் 5,000-க்கும் மேற்பட்ட மனுக்கள் வந்தன. பெண்கள் மட்டும் கையெழுத்திட்ட ஒரு மனுவில் 1,87,000 பெயர்கள்.

சர்க்கரை வியாபாரம் லாபமிழந்ததால்தான் பிரிட்டன் அடிமைமுறையைக் கைவிட்டது என்று பிற்காலத்தில் டிரினிடாட் பிரதமரான வரலாற்றாசிரியர் எரிக் வில்லியம்ஸ் வாதிட்டார். அந்தச் சர்ச்சை இன்னும் ஓயவில்லை. 1807-இல் அந்த வியாபாரம் நொடித்துப்போயிருந்தது என்பதை நான் ஏற்கவில்லை, அப்போதும் நல்ல லாபம் இருந்தது. ஆனால் 1830-களில் தோட்டக்காரர்களின் செல்வாக்கு தேய்ந்திருந்தது உண்மை. மனசாட்சி, பணம் இரண்டையும் தராசில் வைத்துப் பார்க்கும் அந்த விவாதத்தில் மூன்றாவதாக வைக்க வேண்டிய கென்சிங்டன் தீயைப் பலர் வைப்பதே இல்லை என்பதுதான் என் குறை.

சட்டம் 1833 ஆகஸ்ட் 28 அன்று அரச ஒப்புதல் பெற்றது. 1834 ஆகஸ்ட் 1 முதல், சில காலனிகளில் சில மாதம் தள்ளி, சுமார் 8 லட்சம் பேர் அடிமைகள் அல்ல. இழப்பீடாக 2 கோடி பவுண்டு ஒதுக்கினார்கள், அரசின் ஒரு வருஷச் செலவில் ஏறக்குறைய 40 சதவீதம். முழுவதும் எசமானர்களுக்கு. உழைத்தவர்களுக்கு ஒரு பென்னி கிடையாது. அதற்காக அரசு வாங்கிய கடனின் கடைசித் தொகை 2015-இல்தான் அடைபட்டது. ஒவ்வொரு கோரிக்கையும் பெயரோடு பதிவாகியிருப்பதால் யாருக்கு எவ்வளவு என்பது தெரியும். லண்டன் யூனிவர்சிட்டி காலேஜ் ஆய்வாளர்கள் அதைத் தேடிப் பார்க்கும்படி தொகுத்து வைத்திருக்கிறார்கள். பெரிய வணிகர்களோடு கூடவே விதவைகளும் பாதிரியார்களும் அந்தப் பட்டியலில் இருக்கிறார்கள். ஜான் கிளாட்ஸ்டனுக்கு 2,508 பேருக்கு ஈடாக ஒரு லட்சம் பவுண்டுக்கும் மேல். பிற்காலத்தில் நான்கு முறை பிரதமரான அவர் மகன் வில்லியம் கிளாட்ஸ்டன் 1833-இல் நாடாளுமன்றத்தில் அப்பாவின் தோட்டத்துக்காக வாதாடினார்.

விடுதலையும் முழுசாக வரவில்லை. பயிற்சிக்காலம் என்று பெயர் வைத்து, வயல்வேலை செய்தவர்கள் இன்னும் ஆறு வருஷம் அதே எசமானிடம் வாரத்துக்கு 45 மணி நேரம் வரை கூலியில்லாமல் உழைக்க வேண்டும் என்றது சட்டம். சவுக்கு எசமான் கையிலிருந்து மாஜிஸ்திரேட் கைக்குப் போனது. ஜமைக்காச் சிறைகளில் மிதிசக்கரம் வந்தது. மணிக்கட்டைக் கட்டித் தொங்கவிட்டுச் சுழலும் படிகளில் ஓடவிடுவார்கள், தவறினால் முழங்கால் உரியும், பெண்களுக்கும் அதே தண்டனை. ஜேம்ஸ் வில்லியம்ஸ் என்ற இளைஞர் தான் பட்டதைச் சொல்லி 1837-இல் வெளியான பிரசுரம் இங்கிலாந்தை மறுபடி உலுக்கியது. டிரினிடாடில் முதல் நாளே மக்கள் கவர்னர் மாளிகைக்கு முன் கூடி ஆறு வருஷம் முடியாது என்று கத்தினார்கள். இரண்டு வருஷம் முன்னதாகவே, 1838 ஆகஸ்ட் 1 அன்று, மேற்கிந்தியத் தீவுகளில் அந்த ஏற்பாடு கைவிடப்பட்டது.

விடுதலையானவர்கள் முடிந்தவரை தோட்டத்தை விட்டு விலகினார்கள். காய்ச்சலில் விழுந்த பிள்ளைக்குப் பக்கத்தில் உட்கார முடியாத இடத்துக்கு யார் திரும்பிப் போவார்? மலைச்சரிவில் துண்டு நிலம் வாங்கிக் கிழங்கு போட்டார்கள், கிராமங்கள் அமைத்தார்கள். தோட்டக்காரர்கள் கூலியைக் கூட்டிக் கூப்பிடுவதற்குப் பதில் வேறு ஆட்களைத் தேடினார்கள். இதற்கும் முன்னாலேயே, 1836 ஜனவரியில், அதே ஜான் கிளாட்ஸ்டன் கல்கத்தாவில் ஒரு கம்பெனிக்கு ஆள் கேட்டுக் கடிதம் எழுதிவிட்டார். 1838 மே மாதம் விட்பி, ஹெஸ்பரஸ் என்ற இரண்டு கப்பல்கள் சுமார் 400 இந்தியர்களோடு டெமராரா போய்ச் சேர்ந்தன. அடுத்த வருஷம் கிளாட்ஸ்டனின் தோட்டத்தில் அவர்களைச் சவுக்கால் அடித்தது வெளியே வந்தது, இந்திய அரசு ஆள் அனுப்புவதைச் சிலகாலம் நிறுத்தியது. 1840-களில் மறுபடி திறந்தபோது சென்னைத் துறைமுகமும் சேர்ந்துகொண்டது.

மொரீஷியஸில் இது இன்னும் முன்னதாகவே தொடங்கியிருந்தது. அங்கே அடிமைமுறை ஒழிந்தது 1835 பிப்ரவரி 1 அன்று. மூன்று மாதம் முன்பே, 1834 நவம்பர் 2-இல், அட்லஸ் கப்பல் 36 ஒப்பந்தக் கூலிகளைப் போர்ட் லூயியில் இறக்கிவிட்டது. 1920 வரைக்கும் சுமார் 4.5 லட்சம் இந்தியர்கள் அந்தத் துறைமுகத்தின் படிகளில் ஏறினார்கள், தமிழர்களும் ஏராளம். பிரான்ஸ் 1848-இல் அடிமைமுறையை ஒழித்த பிறகு பாண்டிச்சேரி, காரைக்கால் கப்பல்கள் ரியூனியன், மார்ட்டினிக், குவாதலூப் தீவுகளுக்குப் போயின. தென்னாப்பிரிக்காவின் நேட்டாலுக்கு 1860-இல் முதல் கப்பல் சென்னையிலிருந்துதான் கிளம்பியது. இவர்கள் அடிமைகள் அல்ல. ஒப்பந்தத்துக்கு முடிவுத் தேதி இருந்தது, பிள்ளைகள் யாருடைய சொத்தும் அல்ல. இந்த வித்தியாசம் பெரியது, அதை மறந்து இரண்டையும் ஒன்றென்று சொல்வது ஆப்பிரிக்கர்களுக்குச் செய்யும் அநீதி. ஆனால் அனுமதிச் சீட்டு இல்லாமல் தோட்டத்தை விட்டு வெளியே போனால் குற்றம். மொரீஷியஸில் ஒரு நாள் வராவிட்டால் இரண்டு நாள் கூலி வெட்டு. தங்கியது பல இடங்களில் அடிமைகள் விட்டுப்போன அதே குடிசைகளில். அடிமைமுறைக்காகக் கட்டிய இயந்திரத்தைப் பிரித்துப்போடாமல் ஆளை மட்டும் மாற்றினார்கள்.

1833 சட்டம் எங்கே செல்லாது என்பதையும் சட்டமே சொன்னது. கிழக்கிந்தியக் கம்பெனியின் பகுதிகள், இலங்கை, செயின்ட் ஹெலினா. இந்தியாவில் 1843-இல் வந்த ஐந்தாம் எண் சட்டம் அடிமையைச் சொத்தாக நீதிமன்றங்கள் ஏற்கக் கூடாது என்றது, ஆனால் அடிமை வைத்திருப்பதைக் குற்றமாக்கவில்லை. இலங்கையில் 1844. தஞ்சைப் பண்ணையாட்களுக்கு அந்தச் சட்டம் வந்ததே தெரியாமல் பல வருஷம் போனது. அவர்கள் பிள்ளைகளில் பலர்தான் பிறகு கப்பலேறினார்கள்.

2013-இல் கரீபிய நாடுகள் சேர்ந்து ஈட்டுக் கோரிக்கைக்கென ஓர் ஆணையத்தை அமைத்தன. முறையான மன்னிப்பு, கடன் ரத்து, மருத்துவம், கல்வி என்று பத்து அம்சங்களை அடுத்த வருஷம் வெளியிட்டன. 2023-இல் கிளாட்ஸ்டன் வம்சத்தினர் கயானாவுக்கே போய் மன்னிப்புக் கேட்டார்கள். 2024 அக்டோபரில் சமோவாவில் கூடிய காமன்வெல்த் தலைவர்கள் இதைப் பற்றிப் பேசும் நேரம் வந்துவிட்டது என்று கூட்டறிக்கையில் சேர்த்தார்கள். பிரிட்டன் அரசு அதில் கையெழுத்திட்டது. பணம் கொடுப்பதில்லை என்ற தன் நிலையை மாற்றவில்லை.